ஆடிய பல்லும் இரண்டு அமாவாசையும்

என் வீட்டுக்காரரை ஜெயிலுக்கு அனுப்பப் பார்த்தது எதிர்வீட்டுக்காரரின் முன்பல் என்றுதான் எங்கள் தெருவில் சொல்வார்கள். பல் பாவம், விழுந்ததோடு அது தன் வேலையை முடித்துக்கொண்டது. அவரை உள்ளே தள்ளப் பார்த்தது அமாவாசை. அதுவும் அடுத்தடுத்த நாளில் வந்த இரண்டு அமாவாசை. வானத்தில் நிலா ஒன்றுதான். காஞ்சிபுரத்தில் பஞ்சாங்கம் இரண்டு.

முதலில் பல் கதையை முடித்துவிடுகிறேன். பெரிய காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவில் காலையில் பாவு விரிப்பார்கள். தெருவின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை பட்டு இழைகளை நீட்டிக் கட்டி, நடுநடுவே மூங்கில் கழி கொடுத்துத் தாங்கி, அறுந்ததையும் சிக்கியதையும் சரிசெய்வார்கள். அந்த நேரம் தெரு பாவுக்குச் சொந்தம். பால்காரர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு சுவரோடு ஒட்டிப் போவார். போலீஸ் ஜீப்பே முனையில் நின்று ஹாரன் அடிக்காமல் காத்திருந்ததைப் பார்த்திருக்கிறேன்.

எதிர்வீட்டுக்காரரும் நெசவாளிதான், இந்த வழக்கம் தெரியாதவர் இல்லை. ஆனால் அன்றைக்கு அவர் மகளைப் பெண் பார்க்க வந்தவர்கள் பஸ் ஸ்டாண்டில் சொன்ன நேரத்துக்கு முன்பே வந்து இறங்கிவிட்டார்கள். மனிதர் பதறிப்போய் பைக்கை எடுத்தார். ஓரமாகப் போய்விடலாம் என்று நினைத்தார். போக முடியவில்லை. பைக்கின் ஃபுட்ரெஸ்ட் பாவில் மாட்டி, என் வீட்டுக்காரர் அப்போதுதான் சரிசெய்து முடித்திருந்த இழைகள் கொத்தாக அறுந்தன. அவர் கையில் கழி இருந்தது. வீசினார். மூளையைக் கேட்டுக்கொண்டு வீசவில்லை.

மாப்பிள்ளை வீட்டாரை எதிர்வீட்டுக்காரர் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டுதான் வரவேற்றார். கல்யாணம் நல்லபடியாகவே நடந்தது. ஆனால் கல்யாண ஆல்பத்தில் ஒரு படத்தில்கூடப் பெண்ணின் அப்பா சிரிக்கவில்லை. அதைப் புரட்டும்போதெல்லாம் அவருக்குக் கோபம் புதிதாக வரும். அடிபட்ட அன்று மாலையே கொடுத்த புகாரை அவர் கடைசிவரை திரும்பப் பெறாததற்கு அந்த ஆல்பம்தான் காரணம் என்பது என் கணிப்பு.

ஒருவன் பல் விழும்படி அடித்தால் சட்டத்தில் அது கொடுங்காயமாம். கால் உடைந்தாலும் கொடுங்காயம், கண் போனாலும் கொடுங்காயம், ஒரு முன்பல் போனாலும் கொடுங்காயம். இதைக் கேட்டு நான் கோர்ட்டிலேயே சிரித்துவிட்டேன். மாஜிஸ்திரேட் ஆறு மாதம் என்று சொன்னபோது சிரிப்பு நின்றுவிட்டது.

என் வீட்டுக்காரரின் கட்சி இதுதான்: அடித்தது உண்மை, ஆனால் அந்தப் பல் ஏற்கெனவே ஆடிக்கொண்டிருந்த பல். கழி படாவிட்டாலும் அடுத்த பொங்கல் கரும்போடு போயிருக்கும். இதற்கு அவரிடம் இருந்த ஒரே ஆதாரம், டீக்கடையில் எதிர்வீட்டுக்காரர் மசால்வடையை வாயின் ஓரத்தில் வைத்துக் கடிப்பதை அவர் கண்ணால் பார்த்தது. டாக்டர் வந்து பல்லின் வேர் உறுதியாக இருந்தது என்று சாட்சி சொல்லிவிட்டுப் போனார். டாக்டர் பெரியவரா வடை பெரியதா என்று வந்தால் மாஜிஸ்திரேட் என்ன செய்வார்? அதனால் மாவட்ட கோர்ட்டில் அப்பீல் போட்டோம். அப்பீல் முடியும்வரை தண்டனையை நிறுத்திவைத்து ஜாமீன் கொடுத்தார்கள்.

இனிதான் அமாவாசை வருகிறது. எங்கள் தெருவில் ஞாயிற்றுக்கிழமை தறி ஓடும், அமாவாசை அன்று ஓடாது. அப்பா தாத்தா காலத்து விடுமுறை அது. அதனால் என் வீட்டுக்காரர் வக்கீலிடம் முதல் நாளே சொல்லிவிட்டார், வாய்தா வாங்குவதாக இருந்தால் அமாவாசையாகப் பார்த்து வாங்குங்கள், தறி நிற்கக்கூடாது என்று. வக்கீலுக்கும் அது தோதாக இருந்தது. அமாவாசை அன்று அவர் காலையில் சர்வ தீர்த்தக் குளக்கரையில் தர்ப்பணம் கொடுத்துவிட்டு, வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டு, மத்தியானம்தான் கோர்ட்டுக்கு வருவார். ஆகையால் அன்றைக்கு அவர் பெரிய வழக்கு எதையும் வைத்துக்கொள்வதில்லை. எங்கள் வழக்கு பெரிய வழக்கு இல்லையே.

இருவருக்கும் ஓர் ஏற்பாடு. காலையில் வழக்கைக் கூப்பிட்டதும் என் வீட்டுக்காரர் எழுந்து கும்பிட்டு, வக்கீல் வந்துக்கினு இருக்கார் ஐயா என்பார். வழக்கைத் தள்ளி வைப்பார்கள். மத்தியானம் வக்கீல் வந்து இன்னொரு வாய்தா வாங்குவார். அடுத்த அமாவாசை எப்போது என்று அவருடைய குமாஸ்தா பஞ்சாங்கம் பார்த்துத் தயாராக வைத்திருப்பார். இப்படியே வருஷங்கள் ஓடின. அப்பீலை நடத்துவது என்றால் இதுதான் என்று நாங்கள் நம்பிக்கொண்டிருந்தோம்.

இதில் வேடிக்கை, எதிர்வீட்டுக்காரரும் ஒவ்வொரு வாய்தாவுக்கும் வந்துவிடுவார். அப்பீலில் அவர் வரவேண்டிய கட்டாயமே இல்லை. ஆனால் அவருக்கும் அன்றைக்குத் தறி லீவுதானே, வீட்டில் உட்கார்ந்து என்ன செய்வார்? ஆரம்பத்தில் இரண்டு பேரும் ஒரே ஷேர் ஆட்டோவில் முகத்தை ஆளுக்கொரு பக்கம் திருப்பிக்கொண்டு போனார்கள். பிறகு மணி கேட்டார்கள். பிறகு டீ குடித்தார்கள். ஒரு கட்டத்தில் நான் புளிசோறு இரண்டு பேருக்குமாகக் கட்டித்தர வேண்டியதாயிற்று. கோர்ட் வாசல் வேப்பமரத்தடியில் உட்கார்ந்து சாப்பிடுவார்கள். என் வீட்டுக்காரர் உண்டாக்கிய இடைவெளி வழியாக என் புளிசோறு உள்ளே போகும். ஜரிகை, அரசியல், பக்கத்துத் தெருச் சண்டை என்று எல்லாம் பேசுவார்கள். பல்லைப் பற்றி மட்டும் பேச்சே எடுக்கமாட்டார்கள். எடுத்தால் டீ டம்ளர் பறக்கும் என்பது இருவருக்கும் தெரியும்.

நான் காந்தி ரோட்டில் ஒரு பட்டுக்கடையில் சேலை விரித்துப் போடுகிறவள். எங்கள் வீட்டுச் சுவரில் தொங்குவது அந்தக் கடை கொடுத்த தினசரி காலண்டர். அது வாக்கியப் பஞ்சாங்கப்படி அச்சடித்தது. வக்கீல் வீட்டில் பரம்பரையாகத் திருக்கணிதப் பஞ்சாங்கம். பெரும்பாலும் இரண்டும் ஒத்துப்போகும். எப்போதாவது ஒருமுறை அமாவாசை ஒன்றில் இன்றைக்கும் இன்னொன்றில் நாளைக்கும் விழும். அந்த முறை குமாஸ்தா போனில் சொன்னது இவ்வளவுதான்: வாய்தா வழக்கம்போல அமாவாசைக்கு. தேதி என்ன என்று இவர் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. அமாவாசையே தேதிதானே.

வக்கீலின் அமாவாசை திங்கட்கிழமை. எங்கள் அமாவாசை செவ்வாய்க்கிழமை. திங்களன்று கோர்ட்டில் வழக்கைக் கூப்பிட்டபோது என் வீட்டுக்காரர் தறியில் நிம்மதியாக உட்கார்ந்து ஒரு மாம்பழக் கலர் முந்தானையை முடித்துக்கொண்டிருந்தார். வக்கீல் குளக்கரையில் முன்னோர்களுக்கு எள்ளும் தண்ணீரும் இறைத்துக்கொண்டிருந்தார். குமாஸ்தா வேறொரு கோர்ட்டில் இருந்தார். எழுந்து நின்று வக்கீல் வந்துக்கினு இருக்கார் என்று சொல்ல ஆளே இல்லை. நீதிபதியும் புதிதாக மாற்றலாகி வந்தவர். பழைய வழக்குக் கட்டுகளையெல்லாம் முடிக்க வேண்டும் என்ற வேகத்தில் இருந்திருக்கிறார்.

மறுநாள் செவ்வாய்க்கிழமை, இவர் தலைக்குக் குளித்து, வெள்ளை வேட்டி கட்டி, எதிர்வீட்டுக்காரரோடு ஆட்டோ ஏறி, புளிசோறும் கையுமாகக் கோர்ட்டுக்குப் போனார். காலை முழுக்க உட்கார்ந்திருந்தும் யாரும் கூப்பிடவில்லை. கடைசியில் பேர் கூப்பிடுகிற டவாலியிடம் விசாரித்திருக்கிறார்கள். அவர் பார்த்துவிட்டு, “அது நேத்தே முடிஞ்சிபோச்சேபா. மூணு தபா கூப்பிட்டோம், ஒருத்தரும் வரல, டிஸ்மிஸ்” என்றிருக்கிறார்.

எதிர்வீட்டுக்காரருக்கு முதலில் புரியவில்லை. அப்படியானால் நான் ஜெயித்துவிட்டேனா என்று கேட்டிருக்கிறார். ஜெயித்துவிட்டாய் என்று டவாலி சொன்னதும், பல்லைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாராம். பல்லைப் பற்றி ஒன்றும் இல்லை. மேல்முறையீட்டாளர் மும்முறை அழைக்கப்பட்டும் ஆஜராகவில்லை, வழக்கறிஞரும் ஆஜராகவில்லை, வழக்கை நடத்தத் தவறியதால் தள்ளுபடி. அவ்வளவுதான். ஒரு வீட்டுச் சாப்பாட்டை ஆறு மாதத்துக்கு நிறுத்துகிற உத்தரவு, அதை ஒரே மூச்சில் படித்துவிடலாம். ஜெயித்தவருக்கு முகம் தொங்கிப்போயிற்று. தோற்றவர் தன் கவலையை விட்டுவிட்டு அவருக்கு டீ வாங்கிக் கொடுத்திருக்கிறார்.

எனக்குப் போன் வந்தது. கடையில் ஒரு கல்யாணக் கூட்டத்துக்கு முன்னால் விரித்துப் போட்ட சேலைகளை அப்படியே போட்டுவிட்டு வக்கீல் ஆபீசுக்கு ஓடினேன். அங்கே போனால் சட்டத்தைப் பற்றி ஒரு பேச்சும் இல்லை. வக்கீல் மேஜைமேல் பஞ்சாங்கத்தை விரித்து வைத்து, திங்கட்கிழமை அமாவாசை என்பதை நாழிகைக் கணக்கில் நிரூபித்துக்கொண்டிருந்தார். இவர் எங்கள் காலண்டரிலிருந்து செவ்வாய்க்கிழமைத் தாளைக் கிழித்துக் கொண்டுவந்து காட்டிக்கொண்டிருந்தார். எதிர்வீட்டுக்காரரும் செவ்வாய்தான் என்று இவருக்காக வாதாடிக்கொண்டிருந்தார். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

“வக்கீல் சார், என் வூட்டுக்காரர் உள்ள போகப்போறாரு. நீங்க மூணு பேரும் நிலா எங்க இருந்துதுன்னு பேசிக்கினு இருக்கீங்க” என்றேன்.

அதற்குப் பிறகுதான் பஞ்சாங்கத்தை மூடினார். மூடியதும் மனிதருக்குச் சட்டம் அருவி மாதிரி கொட்டியது. சிவில் அப்பீல் என்றால் யாரும் வராவிட்டால் தள்ளிவிடலாம். கிரிமினல் அப்பீலை அப்படித் தள்ளவே கூடாது. ஒரு மனிதன் சிறைக்குப் போகிற விஷயம், ஆள் வந்தாலும் வராவிட்டாலும் நீதிபதி கட்டைப் பிரித்துப் படித்து, சரியா தப்பா என்று பார்த்துத்தான் தீர்ப்பு எழுத வேண்டும். வேண்டுமானால் அரசு செலவில் வேறு வக்கீலை வைத்துக் கேட்கலாம். இந்த உத்தரவு ஹைகோர்ட்டில் ஒரு நாள்கூட நிற்காது என்று மேஜையைத் தட்டினார். எவ்வளவு நன்றாகப் பேசுகிறார் என்று நினைத்தேன். திங்கட்கிழமை காலையில் சரியான இடத்தில் நின்று இதில் கால்வாசி பேசியிருந்தால் போதும்.

மெட்ராஸுக்குப் போய் மனு போடுவதற்குள் வாரண்ட் வந்துவிடும் என்று சொன்னார்கள். அதனால் என் வீட்டுக்காரர் தலைமறைவானார். எங்கே என்றால் பக்கத்து ஊரான கூரத்தில், அவருடைய அக்கா வீட்டில். தலைமறைவு என்றால் என்ன என்பது அவருக்குச் சரியாகப் பிடிபடவில்லை. முதல் நாளே டீக்கடையில் உட்கார்ந்து ஊராருக்கெல்லாம் பல் கதையைச் சொல்லி, ஆடியதா இல்லையா என்று தீர்ப்பும் கேட்டிருக்கிறார். வாரண்டோடு எங்கள் வீட்டுக்கு வந்த போலீஸ்காரர், சார் எங்கம்மா என்று கேட்டார். தெரியவில்லை என்றேன். எதிர்வீட்டு வாசலில் நின்றவரைக் கேட்டார். அவர் வாயைத் திறக்காமல் தலையை மட்டும் ஆட்டினார். புகார் கொடுத்தவரே குற்றவாளியை ஒளித்துவைத்த கதை இது. ஒரு நாள் தறியை நிறுத்திவிட்டு அவரே பைக்கை எடுத்துக்கொண்டு கூரத்துக்குப் போய், வெற்றிலை பாக்கு கொடுத்துப் பார்த்துவிட்டும் வந்தார்.

வெளியில் நான் இப்படிச் சிரித்துக்கொண்டிருந்தாலும் உள்ளுக்குள் பயந்து செத்தேன். கடையிலிருந்து திரும்பி வந்தால் வீட்டில் தறிச் சத்தம் இருக்காது. கல்யாணம் ஆன நாளிலிருந்து அந்தச் சத்தத்தை நிறுத்தித் தொலையுங்கள் என்று திட்டியவள் நான். பாதி நெய்த சேலைமேல் துணியைப் போர்த்தி வைத்திருந்தேன். அவருக்குச் சர்க்கரை உண்டு, மாத்திரையை நான் கையில் கொடுத்தால்தான் போடுவார். ஜெயிலில் யார் கொடுப்பார்கள்?

ஹைகோர்ட்டில் போட்ட மனுவில், அன்றைக்கு வராததற்குக் காரணம் காய்ச்சல் என்று எழுதியிருந்தார்கள். இரண்டு அமாவாசை என்று எழுதினால் என்ன என்று கேட்டேன். மெட்ராஸில் அதெல்லாம் எடுபடாது, காய்ச்சல்தான் எல்லா கோர்ட்டிலும் செல்லும் என்றார் வக்கீல். ஆனால் அந்த நீதிபதி காய்ச்சலையும் கேட்கவில்லை, அமாவாசையையும் கேட்கவில்லை. வந்தாரோ வரவில்லையோ, படித்துப் பார்க்காமல் எப்படித் தள்ளினார்கள் என்று ஒரே கேள்வி. உத்தரவு ரத்து, அப்பீலை மறுபடி எடுத்து முறைப்படி விசாரிக்க வேண்டும், அதுவரை பழைய ஜாமீன் தொடரும். அன்று சாயங்காலம் எங்கள் வீட்டில் தறிச் சத்தம் கேட்டது. நான் திட்டவில்லை.

சந்தோஷம் நீடிக்கவில்லை. வக்கீல் கூப்பிட்டு உண்மையைச் சொன்னார். இனி வாய்தா விளையாட்டு நடக்காது, இந்த முறை நீதிபதி உண்மையிலேயே கட்டைப் பிரித்துப் படிப்பார். படித்தால் டாக்டர் சாட்சி இருக்கிறது, அடித்ததை நீங்களே ஒப்புக்கொண்டதும் இருக்கிறது. ஆறு மாதம் நிற்கும். யாரும் எங்கள் வழக்கைப் படிக்கவில்லை என்றுதானே மெட்ராஸ்வரை போனோம். படிக்கப்போகிறார்கள் என்றதும் படிக்காமலே இருந்திருக்கலாம் என்று தோன்றியது. ஒரே வழி சமரசம். அடிபட்டவர் மனசார மன்னித்து, கோர்ட்டும் சம்மதித்தால் வழக்கு அத்தோடு முடியும்.

எதிர்வீட்டுக்காரர் உடனே சரி என்றார். ஆனால் ஒரு நிபந்தனை. காசு கேட்கவில்லை, காலில் விழச் சொல்லவில்லை. நீதிபதி முன்னால் என் வீட்டுக்காரர் வாயைத் திறந்து, அந்தப் பல் ஆடவில்லை என்று சொல்ல வேண்டும்.

“அது மட்டும் சொல்லமாட்டேன். ஆடிச்சி. நான் பாத்தேன்” என்றார் இவர்.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் சண்டைதான். ஒரு வார்த்தை சொல்லிவிட்டு வீட்டில் இருங்கள் என்று கெஞ்சினேன், கத்தினேன், சமைக்காமல்கூட இருந்து பார்த்தேன். கீழ்க்கோர்ட்டிலேயே தன்னைப் பொய்யன் என்று எழுதிவிட்டார்கள், இனி தானே போய் அதை ஒப்புக்கொள்வதா என்பது அவர் கேள்வி. எனக்கு அவரைப் பார்த்தால் ஆத்திரமும் வந்தது, பாவமாகவும் இருந்தது. ஊரில் பெரிய மனிதர்களெல்லாம் கோர்ட்டில் கூசாமல் பொய் சொல்கிறார்கள். இந்த மனுஷனுக்கு ஒரு மசால்வடை விஷயத்தில் இத்தனை மானம். கடைசியில் ஒரு காலை, மாத்திரையை அவர் கையில் வைத்தபோது, உள்ளே போனால் இதை யார் கொடுப்பார்கள் என்று கேட்டேன். சொல்கிறேன் என்று மட்டும் சொல்லிவிட்டுத் தறிக்குப் போனார்.

அந்த வாய்தா எந்த அமாவாசையிலும் விழாத ஒரு புதன்கிழமை. தேதியை நானே குமாஸ்தாவிடம் கேட்டு, என் வாயால் திருப்பிச் சொல்லி, கடைக்கும் லீவு போட்டுவிட்டு உடன் போனேன். மூன்று பேரும் ஒரே ஆட்டோவில் போனோம். வழியெல்லாம் என் வீட்டுக்காரர் உதட்டுக்குள் அந்த வாக்கியத்தைச் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தார். மழை வரும்போல இருந்ததால் பழைய குடை ஒன்றையும் எடுத்துக்கொண்டு வந்திருந்தார்.

கூப்பிட்டார்கள். வக்கீலும் இருந்தார், அதிசயம். எதிர்வீட்டுக்காரரிடம் யாராவது மிரட்டினார்களா என்று நீதிபதி கேட்டார். இல்லை என்றார். மனசாரத்தான் சமரசம் செய்கிறீர்களா என்று கேட்டார். ஆமாம் என்றார். ஐயா, பல்லு விஷயமாக என்று என் வீட்டுக்காரர் ஆரம்பிப்பதற்குள், அதெல்லாம் இனி வேண்டியதில்லை என்று நீதிபதி கையெழுத்துப் போட்டுவிட்டார். சமரசம் ஏற்கப்பட்டது, விடுதலை, அடுத்த வழக்கு. என் வீட்டுக்காரர் வாயைத் திறந்தவர் திறந்தபடியே நின்றார். டவாலி தோளைத் தொட்டு நகர்த்தினார்.

வேப்பமரத்தடிக்கு வந்ததும் நான் வேர்மேல் உட்கார்ந்துவிட்டேன். அழுகை வந்தது, அழுதேன். அவர் இனி எங்கும் போகவேண்டாம், அது போதும். எதிர்வீட்டுக்காரர் சற்றுத் தள்ளி நின்று நாக்கால் அந்த இடைவெளியைத் துழாவிக்கொண்டிருந்தார். இந்த உத்தரவிலும் பல்லைப் பற்றி ஒரு வரி இல்லை. அவர் எதுவும் கேட்கவில்லை. கேட்கும் உரிமையும் இனி இல்லை, கையெழுத்துப் போட்டாகிவிட்டது.

என் வீட்டுக்காரர் அவர் எதிரில் போய் நின்றார். யாரும் கட்டாயப்படுத்தாத அந்த இடத்தில், வேப்பமரத்தையும் என்னையும் தவிர சாட்சி இல்லாமல், “ஆடலப்பா. நல்ல பல்லுதான். நான்தான் அடிச்சி உட்டுட்டேன்” என்றார்.

எதிர்வீட்டுக்காரருக்குக் கண் கலங்கிவிட்டது. அவர் முகத்தை அப்படி நான் பார்த்ததே இல்லை. “லேசா ஆடிச்சிபா. ஒரு வாரமா ஆடிக்கினுதான் இருந்துது” என்றார்.

“ஆடல.”

“என் வாயில இருந்த பல்லு. எனக்குத் தெரியாதா? ஆடிச்சி.”

“நான் மனசு மாறி வந்து சொல்றேன், ஆடலைன்னு. நீ என்னைப் பொய்க்காரன் ஆக்குறியா?”

குரல் ஏறியது. கோர்ட் வராந்தாவில் காத்திருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து, இரண்டு பேருக்கும் நடுவில் போய், முதல் வேலையாக என் வீட்டுக்காரர் கையிலிருந்த குடையை வாங்கிக்கொண்டேன்.